கேட்காத கையெழுத்து

"யூனிஃபார்மைக் கழட்டு. இன்னிக்கு நீ எங்கேயும் போகல."

மாமன் பக்ரி சொன்னது காதில் விழாதது போல ரீஹாம் குனிந்து ஷூ நாடாவை இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தாள். பள்ளி திறந்து மூன்று வாரமாகிறது. தினமும் காலையில் சீருடை போட்டுக்கொள்வாள். உம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு பள்ளி வாசல் வரை போவாள். மணி அடித்ததும் மற்ற பிள்ளைகள் உள்ளே போவார்கள்; இவள் வீட்டுக்குத் திரும்புவாள்.

"தெருவே சிரிக்குது," என்றான் பக்ரி. அவித்த பயற்றில் ரொட்டியைத் தோய்த்தவன் வாய்க்குக் கொண்டுபோகாமல் நிறுத்தினான். "மீன் மார்க்கெட்ல என்னைப் பார்த்துக் கேக்கறாங்க, உன் மருமக வாசல் காக்கற வேலைக்குச் சேர்ந்திருக்காளான்னு."

"பல்லு இருக்கறவன் சிரிக்கட்டும் அண்ணே," என்றாள் இன்ஷிராஹ், தலைத்துணியில் ஊசியைச் செருகிக்கொண்டே. "மணி அடிக்கும்போது என் பொண்ணு வாசல்ல நிக்கணும். உள்ள விடாதது அவங்க குத்தம். வராதது நம்ம குத்தமா ஆகிடக் கூடாது."

"பேச்சுக்குக் குறைச்சல் இல்ல," என்று அடுப்படியிலிருந்து அண்ணி ஸபாஹ் முணுமுணுத்தாள். "ரொட்டிக்குத்தான் குறைச்சல்."

இன்ஷிராஹ் தையல் ஃபேக்டரியில் வாங்கும் சம்பளத்தில் பாதியை மாதாமாதம் அண்ணியின் கையில் கொடுத்துவிடுகிறாள். என்றாலும் அண்டிப் பிழைக்க வந்தவள் அண்டிப் பிழைக்க வந்தவள்தான்.

வந்தது இந்தச் சித்திரை வெயிலில். தமியாத்தா நகரில் அவள் புருஷன் ஷவ்கி மரச்சாமான் பட்டறை வைத்திருக்கிறான். சாய்வு நாற்காலிக்குப் பூவேலை செய்வதில் ஊரிலேயே கெட்டிக்காரன். ஒருநாள் பட்டறைக்கு மேல் இருந்த வீட்டுக்குப் புதுக் கட்டில் ஒன்று ஏறியது. யாருக்கோ விற்ற சாமான் என்று நினைத்தாள் இன்ஷிராஹ். மறுநாள் அந்தக் கட்டிலுக்கு உரியவளும் படியேறி வந்தாள். அன்று மாலையே இன்ஷிராஹ் மகளைக் கூட்டிக்கொண்டு, கால்வாய்க் கரையில் உள்ள போர்ட் ஃபுவாதில் இருக்கும் அண்ணன் வீட்டுக்கு வந்துவிட்டாள். ஷவ்கி விவாகரத்தும் கொடுக்கவில்லை, செலவுக்கும் அனுப்பவில்லை. ஒன்றே ஒன்று செய்தான். விடுமுறையில் ரீஹாமின் பழைய பள்ளிக்குப் போய், 'மகளை வேறு பள்ளிக்கு மாற்றப் போகிறேன்' என்று சொல்லி, பிறப்புச் சான்று, மதிப்பெண் எல்லாம் அடங்கிய அவளுடைய பள்ளிக் கோப்பைக் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு போனான். அந்தக் கோப்பு எந்தப் பள்ளிக்கும் போகவில்லை. அவன் அலமாரிக்குப் போனது.

போர்ட் ஃபுவாதின் பெண்கள் பள்ளியில் இடம் இருந்தது. அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கும் மதாம் இக்லாஸ் நல்ல மாதிரிதான். முதல் நாளே தேநீர் வரவழைத்துக் கொடுத்தாள்.

"இடம் இருக்கும்மா, மனசும் இருக்கு. ஆனா கோப்பு இல்லாம பேர் எழுத முடியாது. கோப்பு தகப்பன் கையால வரணும். வழக்கம் அப்படி."

இன்ஷிராஹ் பஸ் பிடித்துப் பழைய பள்ளிக்குப் போனாள். "ஆமா, அவரே வந்து வாங்கிட்டுப் போனாரு," என்றார்கள் அங்கே.

"அதை ஒரு தாள்ல எழுதித் தாங்க."

"எழுத்து தகப்பனுக்குத்தான் தருவோம். நீங்க போய் அவரை அனுப்புங்க."

பெற்றவள் தாய் என்பதற்கு ஊரே சாட்சி. ஆனால் பள்ளிக்கூடத்துக் கதவுக்கு மட்டும் அவள் யாரோ ஒரு வழிப்போக்கர்.

ரீஹாமுக்கு இது பொதுத்தேர்வு வருஷம். தேர்வு எழுதப் போகிறவர்களின் பெயரை மாதக் கடைசிக்குள் பள்ளி அனுப்பியாக வேண்டும். எந்தப் பள்ளியிலும் பெயர் இல்லாதவளுக்கு அந்த வருஷம் போச்சு. பெண்பிள்ளைக்குப் போகும் வருஷம் சும்மா போவதில்லை. கையோடு ஒரு மாப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வரும். ஷவ்கியின் மரவியாபாரக் கூட்டாளிக்கு ஒரு மகன் இருந்தான். அவனுக்கு மீசை நன்றாகவே அரும்பியிருந்தது.

வழக்குப் போட்டாள். படிப்பு விஷயத்தில் முடிவெடுக்கும் உரிமையைத் தனக்குத் தரவேண்டும் என்று குடும்ப நீதிமன்றத்தில் மனு. வக்கீல் முஃபீதாவின் அலுவலகம் ஒரு மருந்துக்கடைக்கு மேலே. எப்போது போனாலும் பூசணி விதை கொறித்துக்கொண்டிருப்பாள்.

"போன வாய்தாவுல உன் வீட்டுக்காரர் ஜட்ஜ்கிட்ட என்ன சொன்னாரு தெரியுமா?" என்றாள் முஃபீதா. "'என் மக படிப்புக்கு நான் தடையே இல்ல. பள்ளி மாத்தற ஏற்பாடு நடந்துட்டு இருக்கு. இந்தப் பொம்பளைதான் அவசரப்படறா'ன்னு சொன்னாரு. சொல்லும்போது கண்ணு கலங்கிச்சு. பக்கத்துல நின்ன எனக்கே பாவமா இருந்துச்சு."

"பொய் வக்கீலம்மா."

"பொய்தான். ஆனா பொய்க்கு எதிரா எழுத்து வேணும். உன் எழுத்து இல்ல, அவரோட எழுத்து. கோப்பு என்கிட்டதான் இருக்கு, நான்தான் குடுக்கலைன்னு அவரே சொல்லணும். அதை எவன் சொல்லுவான்?" முஃபீதா விதைத்தோலைக் கைக்குட்டையில் துப்பினாள். "அடுத்த வாய்தா மாசக் கடைசிக்கு முன்னால. அதையும் தள்ளிப் போட்டாங்கன்னா, உன் மக வருஷத்தை மறந்துடு."

அந்த வாரமே பக்ரி ஒரு செய்தியோடு வந்தான். முகத்தில் பெருமை.

"வெள்ளிக்கிழமை தொழுகைக்கப்புறம் நம்ம வீட்டுல உக்காந்து பேசி முடிச்சுடலாம்னு ஹாஜி தஸூக்கி சொல்லிட்டாரு. ஷவ்கியும் வரான். கோர்ட்டு கீர்ட்டு எதுக்கு? குடும்ப விஷயம் குடும்பத்துக்குள்ள முடியணும்."

ஹாஜி தஸூக்கி மீன் மண்டிக்காரர். பக்ரி அவரிடம்தான் ஏலம் கூவுகிறான். ஊரில் பங்காளிச் சண்டை, சுவர்ச் சண்டை, மாமியார் சண்டை எதுவானாலும் ஹாஜி உட்கார்ந்து தீர்ப்பார். தீர்த்ததை ஒன்று விடாமல் தாளில் எழுதி, எல்லா ஆண்களிடமும் கையெழுத்து வாங்கி, இரண்டு தரப்புக்கும் ஒவ்வொரு பிரதி கொடுப்பார். 'வாய்ப்பேச்சு தண்ணியில எழுதினது. தாளுதான் கரை' என்பது அவர் அடிக்கடி சொல்வது. தாம் எழுதிய தாளை எந்த நீதிபதியும் தள்ள முடியாது என்பதில் அவருக்கு மகா பெருமிதம்.

இதெல்லாம் இன்ஷிராஹுக்குத் தெரியும். "சரி அண்ணே, வரட்டும்," என்றாள்.

இவ்வளவு சீக்கிரம் ஒத்துக்கொள்வாள் என்று பக்ரி எதிர்பார்க்கவில்லை. "இதைத்தான் நான் அன்னிக்கே சொன்னேன்," என்றான் மனைவியிடம்.

வெள்ளிக்கிழமை முன்னறை ஆண்களால் நிறைந்தது. ஹாஜி நடு சோபாவில். ஷவ்கி தமியாத்தாவிலிருந்து ஒரு பெட்டி முஷப்பக் இனிப்பு வாங்கி வந்திருந்தான். பாகு பெட்டியை மீறிக் கசிந்தது. சண்டைக்கு வந்தவன் போலவே இல்லை. பெண் பார்க்க வந்தவன் போலப் பளபளவென்று இருந்தான். ஃபாத்திஹா ஓதினார்கள். பேச்சு தொடங்கியது.

பெண்களுக்கு அடுப்படி. ஸபாஹ் தேநீர் ஊற்ற, இன்ஷிராஹ் கதவோரம் நின்று கேட்டாள். ரீஹாம் தரையில் உட்கார்ந்து கணக்குப் புத்தகத்தை விரித்து வைத்திருந்தாள். பக்கம் திரும்பவே இல்லை.

"எனக்கு என்ன ஆசை ஹாஜியார்?" ஷவ்கியின் குரல் தேனாக வந்தது. "என் வீடு, என் பொண்டாட்டி, என் பொண்ணு. மார்க்கத்துல இல்லாததையா செஞ்சுட்டேன்? இன்னொருத்தி வந்தா இவளுக்கு என்ன குறைஞ்சு போச்சு? வந்து அவ அறையில இருக்கட்டும். பொண்ணு மறுநாளே பள்ளிக்கூடம் போவா."

"அவ வராட்டி?" யாரோ கேட்டார்கள்.

"வராட்டி என்ன? பள்ளிக்கூடத்துச் சாவி என் பையில இருக்கு. என்னை மீறி எவ எந்தப் பள்ளியில சேர்த்துடுவா? சேர்க்கட்டும் பார்க்கலாம்."

ஆண்கள் சிரித்தார்கள். ஹாஜி தொண்டையைக் கனைத்தார், மூக்குக்கண்ணாடி போட்டார், மடியில் பலகை வைத்து எழுதத் தொடங்கினார். எழுதியதைச் சொல்லிக்கொண்டே எழுதுவது அவர் பழக்கம்.

"இன்ஷிராஹ் ஒரு வாரத்துக்குள் கணவன் வீடு திரும்ப வேண்டியது. கோர்ட்டில் போட்ட மனுவை வாபஸ் வாங்க வேண்டியது. அவள் திரும்பியதும் ஷவ்கி மகளைப் பள்ளியில் சேர்க்க வேண்டியது..."

இன்ஷிராஹ் தேநீர்த் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். ஒவ்வொருவர் முன்னும் கிளாஸ் வைத்தாள். கடைசியாக ஹாஜியின் முன்னால் வைத்துவிட்டுத் தலை நிமிராமல் சொன்னாள்:

"ஹாஜியார், ஒரு வார்த்தை. கோப்பு யார்கிட்ட இருக்குன்னும் எழுதிடுங்க. நாளைக்கு நான் திரும்பிப் போனப்புறம், பள்ளியில இருக்கு, அங்க இருக்கு, இங்க இருக்குன்னு இழுத்தடிச்சா நான் யார்கிட்ட போவேன்?"

ஹாஜி கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். நியாயமாகப் பட்டது. தம் தாளில் ஓட்டை இருப்பதை அவர் பொறுக்கமாட்டார்.

"கேக்கறது சரிதானே ஷவ்கி? கோப்பு எங்கே?"

"என் அலமாரியில. நானே போய் வாங்கினேன். எழுதுங்க, எனக்கென்ன பயம்?"

"ரீஹாமின் பள்ளிக் கோப்பைத் தகப்பன் ஷவ்கி தானே பள்ளியிலிருந்து பெற்றுத் தன் வசம் வைத்திருக்கிறார்," என்று ஹாஜி உரக்கச் சொல்லி எழுதினார். "மனைவி வீடு திரும்பிய பிறகே அதைக் கொடுப்பார். அதுவரை மகள் பள்ளிக்குச் செல்வதற்கில்லை. போதுமா?"

"போதும் ஹாஜியார்," என்றாள் இன்ஷிராஹ்.

தாள் சுற்றி வந்தது. ஷவ்கி நீளமாக, வாலைச் சுழற்றிக் கையெழுத்துப் போட்டான். நாற்காலிக் காலில் பூச்செதுக்குபவன் கையல்லவா. பக்ரி தங்கைக்காகப் போட்டான். சாட்சிகள் போட்டார்கள். ஹாஜி பெருவிரலை மையில் ஒற்றி முத்திரை மாதிரி வைத்தார்.

இன்ஷிராஹ் காலித் தட்டோடு இன்னும் அங்கேயே நின்றாள்.

"நான் கையெழுத்துப் போட வேண்டாமா?"

அறையிலிருந்தவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு சிரிப்பு.

"உனக்காகத்தான் அண்ணன் போட்டுட்டானே மகளே," என்றார் ஹாஜி, அன்பாகத்தான்.

"போகப்போறது நான்தானே, அதான் கேட்டேன்."

"உன் கையெழுத்தைத் தையல் மிஷின்ல போடு போ," என்றான் ஷவ்கி. "இது ஆம்பளைங்க தாளு."

"சரி. ஒரு தடவை கேட்டுட்டேன். எல்லாரும் கேட்டீங்க," என்று சொல்லிவிட்டு இன்ஷிராஹ் உள்ளே வந்தாள்.

அடுப்படியில் ஸபாஹ் அவளை ஏற இறங்கப் பார்த்தாள். வந்தவர்கள் போனதும் முஷப்பக் பெட்டியைத் திறந்து ரீஹாமிடம் நீட்டினாள். "எனக்கு வேண்டாம் அத்தே," என்றாள் ரீஹாம். ஸபாஹ் மூடி, பக்கத்து வீட்டுக்குக் கொடுத்தனுப்பிவிட்டாள். வீட்டுக்கு வந்த இனிப்பை அவள் வெளியே அனுப்பியது அதுதான் முதல் தடவை.

மறுநாள் காலை இன்ஷிராஹ் ஃபேக்டரிக்குக் கிளம்பும்போது ஸபாஹ் துணி ஊறவைத்துக்கொண்டிருந்தாள். ஈரக் கையை இடுப்பில் துடைத்துக்கொண்டு, மார்புத் துணிக்குள்ளிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்து நீட்டினாள்.

"உங்கண்ணன் சட்டைப்பையில இருந்துச்சு. சட்டையைத் துவைக்கணும்ல. பத்திரமா வை."

இன்ஷிராஹ் தாளையும் பார்த்தாள், அண்ணியையும் பார்த்தாள். "அண்ணே கேட்டா?"

"கேட்டா தண்ணியில போச்சும்பேன். தண்ணியில எழுதினா நிக்காதுன்னு அந்த மீன்காரரே சொல்றாரே." ஸபாஹ் வாளியை நகர்த்தினாள். "எனக்காகவும் இந்த வீட்டுல நாலு தாளுக்கு உங்கண்ணன்தான் கையெழுத்துப் போட்டிருக்காரு. என் உம்மா வீட்டு நிலத்துக்குக்கூட. போ, படகு போயிடும்."

கால்வாய்ப் படகில் இன்ஷிராஹ் அந்தத் தாளைப் பைக்குள் வைத்துப் பையை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றாள். அக்கரை சேர்ந்ததும் ஃபேக்டரிப் பக்கம் திரும்பவில்லை. மருந்துக்கடைப் படியேறினாள்.

முஃபீதா ஒரு முறை படித்தாள். பூசணி விதைப் பொட்டலத்தை ஓரமாகத் தள்ளிவைத்துவிட்டு மறுபடியும் படித்தாள்.

"இதை எழுதினவருக்கு நான் ஃபீஸ் குடுக்கணும் போலிருக்கே," என்றாள்.

வாய்தா நாள் வந்தது. நீதிபதியின் அறை சின்னது. மின்விசிறி சத்தத்தில் பாதி வார்த்தை காணாமல் போகும். ஷவ்கி இன்றும் கண் கலங்கத் தயாராக வந்திருந்தான். அவன் வக்கீல் அதே பாட்டைத் தொடங்கினார்: பாசமுள்ள தகப்பன், ஏற்பாடு நடக்கிறது, கொஞ்சம் அவகாசம்.

முஃபீதா தாளை மேஜைமேல் வைத்தாள். நீதிபதி படித்தார். படித்த முகம் நிமிர்ந்தபோது அதில் கோபமில்லை, களைப்புதான் இருந்தது.

"இந்தக் கையெழுத்து உங்களோடதா?"

ஷவ்கி தன் வக்கீலைப் பார்த்தான். தன்னுடையது இல்லையென்று சொன்னால் ஹாஜி தஸூக்கியின் தாளைப் பொய்யென்று சொன்னவன் ஆவான். அதற்கப்புறம் இரண்டு ஊரிலும் அவன் பேச்சை யாரும் தாளில் ஏற்றமாட்டார்கள். நெஞ்சை நிமிர்த்தினான்.

"என்னோடதுதான் ஐயா. ஆம்பளை போட்ட கையெழுத்து. நான் சொன்ன சொல்லுல நிக்கிறேன். மீறினது இவதான். ஒரு வாரத்துல வீட்டுக்கு வரேன்னு ஒத்துக்கிட்டு வரல. அதையும் அதுல படிங்க."

"படிச்சேன்," என்றார் நீதிபதி. தாளைத் திருப்பி, பின்பக்கமும் பார்த்தார். "ஒத்துக்கிட்டாங்கன்னு சொல்றீங்க. அவங்க கையெழுத்து எங்கே?"

ஷவ்கி எட்டித் தாளைப் பார்த்தான்.

"அவங்கண்ணன் போட்டிருக்கான்..."

"அண்ணனா உங்க வீட்டுக்கு வந்து இருக்கப் போறாரு?"

எழுத்தர் குனிந்து சிரிப்பை மறைத்தார். நீதிபதி இன்ஷிராஹ் பக்கம் திரும்பினார். "நீங்க ஏம்மா கையெழுத்துப் போடல?"

"கேட்டேன் ஐயா. இது ஆம்பளைங்க தாளுன்னாங்க. தையல் மிஷின்ல போடச் சொன்னாங்க."

அவள் குரல் உயரவில்லை. உயர வேண்டிய அவசியமும் இல்லை. அவளைக் கட்டிப்போட அவர்கள் திரித்த கயிறு அது. கட்ட வேண்டியவளின் கையை மட்டும் விட்டுவிட்டு மற்ற எல்லோருடைய கையையும் அதில் முடிந்திருந்தார்கள்.

அன்றே உத்தரவு வந்தது. ரீஹாமின் படிப்பு விஷயத்தில் முடிவெடுக்கும் உரிமை தாய்க்கு. கோப்பை ஷவ்கி உடனே ஒப்படைக்க வேண்டும். ஒப்படைக்காவிட்டாலும் பள்ளி அவளைச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

வெளியே படிக்கட்டில் ஷவ்கி அவளை வழிமறித்தான். "பெரிய ஆளா ஆயிட்டேன்னு நினைச்சுக்காத. ஒரு கையெழுத்து இல்லாததால தப்பிச்ச."

"ஆமா," என்றாள் இன்ஷிராஹ். "கேட்டிருந்தீங்கன்னா போடமாட்டேன்னு அங்கேயே சொல்லியிருப்பேன். உங்களுக்கும் ஒரு பஸ் செலவு மிச்சமாயிருக்கும்."

பக்ரி அவளோடு பேசவில்லை. ஹாஜி அவனை இரண்டு நாள் ஏலம் கூவ விடாமல் ஐஸ் உடைக்க வைத்தார் என்று ஸபாஹ் சொன்னாள். மூன்றாம் நாள் காலை, ரீஹாம் ஷூ நாடாவை முடிந்துகொண்டிருந்தபோது, அவன் ரொட்டியைப் பார்த்தபடியே கேட்டான்:

"பள்ளிக்கு நானும் வரணுமா?"

"வேண்டாம் அண்ணே."

"ஆம்பளை கையெழுத்துக் கேப்பாங்க."

"கேக்கட்டும்."

மதாம் இக்லாஸ் நீதிமன்ற உத்தரவைப் படித்தாள். முத்திரையை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். தலைமையாசிரியையின் அறைக்குப் போய்விட்டு வந்தாள். பெரிய பதிவேட்டைத் திறந்து ரீஹாமின் பெயரை எழுதினாள். தேர்வுக்கு அனுப்பும் பெயர்களிலும் கடைசியாக அதைச் சேர்த்தாள். இன்ஷிராஹ் அவள் பேனா முனையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீ வகுப்புக்குப் போ," என்றாள் மகளிடம்.

"மணி இன்னும் அடிக்கல உம்மா."

"அடிக்கும்போது நீ உள்ள இருக்கணும். போ."

ரீஹாம் போனாள். தாழ்வாரத்தில் அவள் ஷூ சத்தம் முதலில் நடந்தது, பிறகு ஓடியது.

மதாம் இக்லாஸ் பதிவேட்டை இன்ஷிராஹ் பக்கம் திருப்பினாள். 'பொறுப்பாளர்' என்ற இடத்தில் விரல் வைத்தாள். பிறகு விரலை எடுக்காமல் தயங்கினாள்.

"எல்லாம் சரிதாம்மா. தப்பா எடுத்துக்காதீங்க. இந்த இடத்துல ஒரு ஆம்பளை கையெழுத்து இருந்தா நல்லா இருக்கும். அண்ணன் வந்திருக்காரா?"

"இல்ல."

"அதனால என்ன, வாசல்ல நம்ம காவல்காரர் இருக்காரு. நல்ல மனுஷர். அவரைக் கூப்பிட்டு ஒண்ணு போடச் சொல்லட்டுமா? சும்மா ஒரு வழக்கத்துக்கு."

இத்தனை வாரம் மகளை அந்த வாசலில் நிறுத்தித் திருப்பி அனுப்பியவன் அந்தக் காவல்காரன். ரீஹாமின் பெயர்கூட அவனுக்குத் தெரியாது.

இன்ஷிராஹ் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். பையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"கூப்பிடுங்க மதாம். ஆனா முதல்ல அந்த வழக்கத்தை ஒரு தாள்ல எழுதுங்க. கோர்ட்டு உத்தரவு வச்சிருக்கிற தாய் போதாது, காவல்காரர் போதும்னு எழுதிக் கீழ நீங்க கையெழுத்துப் போட்டுக் குடுங்க. அந்த ஜட்ஜ் ஐயா இந்த மாதிரித் தாளெல்லாம் பின்பக்கம் திருப்பித் திருப்பிப் படிக்கிறாரு."

மதாம் இக்லாஸ் ஜன்னலைப் பார்த்தாள், பதிவேட்டைப் பார்த்தாள். வைத்த விரலை மெல்ல எடுத்தாள். பிறகு பேனாவை மேஜைமேல் இன்ஷிராஹ் பக்கம் உருட்டிவிட்டாள்.

வெளியே மணி அடித்தது. இன்ஷிராஹ் அது அடித்து ஓயும் வரை காத்திருந்துவிட்டுத் தன் பெயரை முழுதாக எழுதினாள்.